காலித் தட்டின் தீர்ப்பு

ஞாயிற்றுக்கிழமை காலை எட்டு மணிக்கே மரச்சாமான் கடையின் மாடிப்படி நிரம்பிவிடும். டோக்கன் வாங்கியவர்கள் படியின் வலப்பக்கம், வாங்கப் போகிறவர்கள் இடப்பக்கம். நடுவில் நின்றவர்களுக்கு எந்தப் பக்கம் நிற்கிறோம் என்பதே சந்தேகம். மேலே இருந்தவர் விற்றதும் அந்தச் சந்தேகத்தைத்தான்.

அவரை எல்லாரும் 'ஞானி ஐயா' என்றார்கள். நோய் தீர்ப்பதாகவோ கை பார்ப்பதாகவோ அவர் சொல்லவில்லை. ஒரே ஒரு கேள்வி கேட்பார்: "உனக்கு எப்படித் தெரியும்?"

கேள்வி சின்னதுதான். ஆனால் மூன்று முறை கேட்பார். முதல் முறைக்குப் பதில் இருக்கும், இரண்டாம் முறைக்குக் குரல் இறங்கும், மூன்றாம் முறைக்குக் கண்ணில் தண்ணீர் வரும். எங்கள் கல்லூரியில் தத்துவப் பேராசிரியரும் இதே கேள்வியைத்தான் மூன்று பருவமாகக் கேட்கிறார். அவர் வகுப்பில் ஏழு பேர். அவரிடம் டோக்கன் இல்லை, அதுதான் குறை.

ஆளைக் கலங்கடித்த பிறகு ஐயா தராசைக் காட்டுவார். மேசைமேல் ஒரு தாங்கியில், விரிப்பை உரசாத குறையாகத் தொங்கும் இரண்டு பளபளப்பான இரும்புத் தட்டுகள். நாம் நம்புவதை ஒரு சீட்டில் எழுதிக் கொடுக்க வேண்டும். ஐயா உரக்கப் படித்து, மடித்து, தன் இடப்பக்கத் தட்டில் வைத்துவிட்டுக் கண்ணை மூடிக்கொள்வார். உண்மைக்குக் கனம் உண்டாம். எழுதியது உண்மையானால் தட்டு இறங்கும், பொய்யானால் அசையாது.

சட்டங்கள் இரண்டு. எடை போடும்போது யாரும் வாய் திறக்கக் கூடாது. ஐயா கண்ணைத் திறக்கும்வரை யாரும் எழுந்திருக்கக் கூடாது. ஒருநாள் அந்தத் தெருவில் மின்சாரம் இல்லை. அன்று வந்த நாற்பது பேரும் பொய்யர்கள் என்று தராசு சொல்லிவிட்டது. நாற்பது பேரும் தலைகுனிந்து இறங்கிப் போனார்களே தவிர, ஒருவரும் மின்கம்பத்தைப் பார்க்கவில்லை.

இதில் எனக்கு என்ன வந்தது? என் மாமாவின் கால் வந்தது.

மாமா தையற்காரர். சர்க்கரை நோய் உண்டு. வலது கால் கட்டைவிரலில் ஒரு புண். மருத்துவர் மாத்திரை கொடுத்து, ஒரு வேளைகூட விடாதீர்கள் என்று சொல்லியிருந்தார். மாமா போய், 'மாத்திரை என் காலைக் காப்பாற்றும்' என்று சீட்டு எழுதினார். தட்டு அசையவில்லை. அன்றோடு மாத்திரை நின்றது. பன்னிரண்டு நாளில் விரல் கறுக்க ஆரம்பித்தது.

"மாத்திரையை முழுங்கிடுங்க," என்றார் அத்தை.

"அது வேலை செய்யும்னு உனக்கு எப்படித் தெரியும்?"

"டாக்டர் சொன்னாரு."

"டாக்டருக்கு எப்படித் தெரியும்?"

"படிச்சிருக்காரு."

"படிச்சது சரின்னு எப்படித் தெரியும்?"

"விரல் கறுத்தது தெரியுதா, இல்ல அதுக்கும் சீட்டு எழுதணுமா?"

மாமா மூக்குக்கண்ணாடியைத் துடைத்தார். "அடுத்த ஞாயித்துக்கிழமை எழுதிக் கேக்கறேன்," என்றார். வேடிக்கைக்குச் சொல்லவில்லை.

அத்தைக்கு உத்தியோகம் எடையளவு அலுவலகத்தில். கடைத் தராசுகளைச் சோதித்து முத்திரை போடுவது வேலை. ஒருமுறை அவரோடு போயிருக்கிறேன். ஒரு கடைக்காரர் தராசை நீட்ட, அத்தை பையிலிருந்த எடைக்கல்லைத் தொடவே இல்லை. இரண்டு தட்டிலும் எதையோ வைத்து முள்ளை நடுவில் நிறுத்தினார். பிறகு இந்தத் தட்டில் இருந்ததை அந்தத் தட்டுக்கும், அதில் இருந்ததை இதற்கும் மாற்றி வைத்தார். முள் சாய்ந்தது. கடைக்காரர் முகமும் சாய்ந்தது.

"இதுக்குக் கல்லே வேணாம்டா," என்றார் அத்தை. "நேர்மையான தராசு, பக்கம் மாத்தினாலும் அதேதான் சொல்லும்."

"அப்ப அந்த ஞானி தராசையும் பறிமுதல் பண்ணிடுங்க அத்தை," என்றேன்.

"அவரு எதையும் நிறுத்து விக்கலையே. என் சட்டத்துல வரமாட்டாரு. அப்படியே தூக்கிட்டு வந்தாலும் தராசுதான் வரும். உங்க மாமா மனசு அங்கேயே இருக்கும்."

ஞாயிற்றுக்கிழமை மூவரும் போனோம். மாமா கட்டுப்போட்ட காலோடு கூட்டத்தின் முன்வரிசையில் உட்கார்ந்தார். தட்டு ஆடாமலிருக்க மின்விசிறிகளை நிறுத்தியிருந்ததால் கூடம் வெந்துகொண்டிருந்தது. ஐயா நீண்ட வெள்ளை அங்கியில் வந்தார். உலகமே கனவாக இருக்கலாம் என்று பேசிக்கொண்டே, பின்னால் திரும்பிக்கூடப் பார்க்காமல் நாற்காலியில் உட்கார்ந்தார். நாற்காலி இருந்தது. அது இருக்கும் என்று அவருக்கு எப்படித் தெரியும் என ஒருவரும் கேட்கவில்லை.

அத்தையின் டோக்கன் வந்தது.

"தாயே, என்ன வேலை பாக்கறீங்க?"

"எடைக்கல் சரியா இருக்கான்னு பாக்கற வேலைங்க."

"சரின்னு எப்படித் தெரியும்?"

"ஆபீஸ் கல்லோட ஒப்பிடுவோம்."

"ஆபீஸ் கல் சரின்னு எப்படித் தெரியும்?"

"தலைமை ஆபீஸ் கல்லோட."

"அது சரின்னு எப்படித் தெரியும்?"

"எங்கயாவது ஒரு இடத்துல நிறுத்திடுவோங்க. இல்லேன்னா பொழுது சாயறவரைக்கும் யாரும் கால் கிலோ சர்க்கரை வாங்க முடியாது."

ஐயா கூட்டத்தைப் பார்த்துப் புன்னகைத்தார். "கேட்டீங்களா? நிறுத்திட்டாங்களாம். அதுக்குப் பேர் அறிவு இல்ல தாயே, அசதி."

கைதட்டல் கூரையை இடித்தது. மாமாவும் தட்டினார். அதுதான் எனக்கு வலித்தது.

அத்தை கைதட்டல் அடங்கும்வரை காத்திருந்தார். "சரிங்கய்யா. உங்க தராசு சரின்னு எப்படித் தெரியும்?"

"முதல் நாளே கேட்டாச்சு. 'இந்தத் தராசு பொய் சொல்லாது'ன்னு சீட்டு வெச்சோம். தட்டு இறங்கிடுச்சு."

"ஆகா!" என்றது கூட்டம். திருடனைக் கேட்டோம், நான் திருடவில்லை என்று அவனே சொல்லிவிட்டான், வழக்கு முடிந்தது.

"அப்ப உங்களையும் ஒருதடவை கேட்டுடலாமே," என்று அத்தை சீட்டை நீட்டினார்.

ஐயா வாங்கி உரக்கப் படித்தார்: "'இந்த ஞானி யாரையும் ஏமாற்றமாட்டார்.'" குரல் தழுதழுத்தது. "தாயே, இப்படி ஒரு சீட்டு இதுவரைக்கும் வந்ததில்ல."

மடித்தார். தட்டில் வைத்தார். கண்ணை மூடினார்.

அத்தை செருப்பைக் கழற்றிவிட்டு ஓரடி முன்னே போனார். தராசின் தாங்கியை இரு கையாலும் பிடித்து, ஓசையில்லாமல், முழுதாகத் திருப்பி வைத்தார். சீட்டு இருந்த தட்டு இப்போது ஐயாவுக்கு வலப்பக்கம். காலித் தட்டு இடப்பக்கம். கூடத்தில் இருநூறு கண்கள் பார்த்தன, ஒரு வாயும் திறக்கவில்லை. ஐயா போட்ட சட்டம் அப்படி. அவருடைய பக்தர்களைப் போல ஒழுக்கமானவர்களை நான் எங்கும் கண்டதில்லை.

தட்டு இறங்கியது. காலித் தட்டு.

"பாத்தீங்களா!" என்றார் ஐயா, கண்ணைத் திறக்காமலே. "உண்மை எப்படிக் கனக்குது, பாத்தீங்களா!"

மூன்றாவது வரிசையில் ஒரு பெண் முந்தானையைக் கடித்துக்கொண்டாள். பிறகு முடியாமல் விட்டுவிட்டாள். அந்தச் சிரிப்பு சுவருக்குச் சுவர் போய் வந்தபோதுதான் ஐயா கண் திறந்தார். காலித் தட்டைப் பார்த்தார். வலப்பக்கம் உயரே தொங்கிய சீட்டைப் பார்த்தார்.

ஆனால் ஆள் கெட்டிக்காரர். "தராசைத் தொட்டுட்டாங்க. தொட்டதால அது கலங்கிப்போச்சு," என்றார்.

கூட்டத்தில் பாதித் தலைகள் ஆடின. பார்த்ததைவிடக் கேட்டதை நம்புவது அவர்களுக்குப் பழகியிருந்தது. அத்தை மாமாவைத் திரும்பிப் பார்த்தார்.

மாமா எழுந்தார். நொண்டிக்கொண்டே மேசையிடம் வந்தார். "எல்லாரும் தட்டைப் பாத்தீங்க," என்றார். "நான் விரிப்புக்குக் கீழ தெரிஞ்ச ஐயா முழங்காலைப் பாத்தேன். தட்டு இறங்கறதுக்கு முன்னால முழங்கால் இறங்கிச்சு."

குனிந்து விரிப்பைத் தூக்கினார். மேசைப் பலகைக்கு அடியில், ஐயாவுக்கு இடப்பக்கமாக, கம்பி சுற்றிய ஓர் இரும்புக் கட்டை. அதிலிருந்து ஒரு ஒயர் சுவரின் பிளக்குக்கும், இன்னொன்று அங்கியின் ஓரத்துக்கும் போனது.

"கரண்ட் காந்தம்," என்றார் பின்வரிசையிலிருந்த ஒரு மின்பணியாளர். நாலு வாரமாக வருகிறவர்.

"இது தையல் மெஷின் பெடல்," என்றார் மாமா, அங்கியின் ஓரத்தை விலக்கி.

ஐயாவுக்குப் பழக்கதோஷம். "உனக்கு எப்படித் தெரியும்?" என்று கேட்டுவிட்டார்.

"முப்பது வருஷமா மிதிக்கறேன்யா! இதுக்கும் சீட்டு வெக்கணுமா?"

அதற்கப்புறம் கூடத்தில் சட்டம் எதுவும் செல்லுபடியாகவில்லை. ஐயா பின்பக்கப் படி வழியாக மூன்று மூன்றாகத் தாவி இறங்கினார். ஒவ்வொரு படியும் இருக்கும் என்பதில் அவருக்குத் துளிச் சந்தேகமும் இல்லை.

வீட்டுக்கு வந்ததும் அத்தை மாத்திரையையும் தண்ணீரையும் வைத்தார். மாமா மாத்திரையைக் கொஞ்ச நேரம் உற்றுப் பார்த்தார்.

"இது வேலை செய்யும்னு..." என்று இழுத்தார்.

"தெரியாது. முழுங்கிட்டு, வாராவாரம் புண்ணை அளந்து பாப்போம். ஆறலேன்னா டாக்டரையும் கேள்வி கேப்போம்."

மாமா விழுங்கினார். அத்தை தையல் நாடாவை எடுத்துவந்து புண்ணின் நீளத்தைக் குறித்து வைத்தார். ஒரு மாதத்தில் அது பாதியாகியிருந்தது. விரல் தப்பியது. இப்போது மெஷின் பெடலை மிதிக்கும்போதெல்லாம், "உண்மை கனக்குது, பாத்தீங்களா!" என்று சொல்லிச் சிரிக்கிறார். முதல் நாள் அத்தையும் சிரித்தார்.

மரச்சாமான் கடை மாடி மறுபடி வாடகைக்கு விடப்பட்டுவிட்டது. இந்த முறை வந்திருப்பவர் கண்ணாடி வைத்து மனச்சாட்சியைக் காட்டுகிறாராம். படியில் அதே வலப்பக்கம், அதே இடப்பக்கம், பெரும்பாலும் அதே முகங்கள். "உனக்கு எப்படித் தெரியும்?" என்று யார் வேண்டுமானாலும் உங்களைக் கேட்கட்டும், நல்ல கேள்விதான். கேட்டவர் கண்ணை மூடும்போது நீங்கள் மட்டும் மூடாதீர்கள். தராசைக் கொஞ்சம் திருப்பி வையுங்கள்.