டென்சில் அழித்த தோட்டம்

"இடம் போதவில்லை. எதையாவது நீக்கிவிட்டு மீண்டும் முயலவும்" என்று டிவித் திரை மூன்றாவது தடவையாகச் சொன்னபோது டென்சில் ஹோஸ்கினுக்குக் கோபம் வந்துவிட்டது.

"எதைன்னு சொல்லித் தொலையேன்!" என்று கத்தினார்.

டிவி சொல்லவில்லை.

பர்னி நகரத்துக் காகித ஆலையில் முப்பத்தொரு வருஷம் ஃபோர்மேனாக இருந்தவர் டென்சில். நூற்றைம்பது பேரைப் புருவத்தாலேயே வேலை வாங்கியவர். இப்போது ஒரு ஜாய்ஸ்டிக் அவர் பேச்சைக் கேட்க மாட்டேன் என்றது. மேலே போகச் சொன்னால் பக்கவாட்டில் போயிற்று.

கேம் பெட்டி அவருடையது அல்ல. மனைவி ரோவீனாவுடையது. பன்னிரண்டு வருஷப் பழசு. போன வாரம் பின்வாசல் படியில் சறுக்கி விழுந்து ரோவீனாவின் இடுப்பு எலும்பு முறிந்துவிட்டது. காரில் இரண்டு மணி நேரத் தூரத்தில் இருந்த லான்செஸ்டன் ஆஸ்பத்திரியில் ஆபரேஷன் முடிந்து, அங்கேயே நடக்கப் பழக்கும் வார்டில் இன்னும் ஒன்பது நாள் இருக்க வேண்டும். டென்சிலுக்குக் கண்ணில் புரை. நெடுஞ்சாலையில் கார் ஓட்டக் கூடாது என்று சொல்லியிருந்தார்கள். அதனால் அவர் வீட்டில், ரோவீனா அங்கே, நடுவில் தொலைபேசி.

வீட்டுக்கு வந்தபிறகும் அவள் நின்றபடி ஏதாவது பயிற்சி செய்ய வேண்டும் என்று டாக்டர் சொல்லியிருந்தார். புல்தரைப் பந்து விளையாட்டு ஒன்று கேம் பெட்டியில் கிடைக்கும், நின்றுகொண்டே உருட்டலாம் என்று பக்கத்து வீட்டுக் கெரின் சொன்னாள். ரோவீனா வருவதற்குள் அதை இறக்கி வைத்து அசத்திவிட வேண்டும் என்பது டென்சிலின் திட்டம்.

பெட்டிக்குள் ஏற்கெனவே இறக்கி வைத்திருந்த விளையாட்டுகள் சின்னச் சின்னப் படங்களாக வரிசையில் நின்றன. மொத்தம் இருபத்து மூன்று. எது எதென்று அவருக்குத் தெரியாது. எது அதிக இடத்தை அடைத்துக்கொண்டிருக்கிறது என்று மட்டும் பார்த்தார். ஒரு பச்சை இலைப் படம்.

'கொழுப்புக் குறைக்கிற சாலட் சமாச்சாரம்' என்று முடிவு கட்டினார். இரண்டு வருஷத்துக்கு முன் அவருக்கு மூன்று மாதம் கீரையாகவே போட்ட காலம் ஒன்று இருந்தது. பழைய பகை.

"நிச்சயமாக நீக்கவா?" என்றது திரை.

"ரொம்ப நிச்சயமா" என்று அமுக்கினார்.

புல்தரைப் பந்து ஜம்மென்று இறங்கத் தொடங்கியது. டென்சில் மாவுக்குள் சிப்பிக் கறி அடைத்த 'ஸ்கேலப் பை' பலகாரம் ஒன்றைச் சூடு பண்ணிக்கொண்டு வந்து உட்கார்ந்தார். தொலைபேசி அடித்தது.

"டென்சில், சாப்பிட்டியா?"

"சாப்பிட்டுக்கிட்டே இருக்கேன். வலி எப்படி இருக்கு?"

"இருக்கு. கேளு, என் கேம் பெட்டியைப் போட்டு என் தோட்டத்துக்குக் கொஞ்சம் தண்ணி ஊத்திடு. பச்சை இலைப் படம் இருக்கும். ஒரு வாரம் ஆளில்லைன்னா களை மண்டிடும். ஒன்பது வருஷமா வளர்த்தது."

பலகாரம் டென்சிலின் வாய்க்குள் பாதி வழியில் நின்றது.

"ஊத்திட்டேன்" என்றார்.

"நான் இப்பத்தானே சொல்றேன்?"

"அதான்... எனக்கா தோணிச்சு, ஊத்திட்டேன்."

"கல்யாணமாகி நாப்பத்து நாலு வருஷத்துல உனக்கா ஒண்ணும் தோணினதே இல்லையே."

"இப்பத்தான் ஆரம்பிச்சிருக்கேன்."

அவள் சிரித்துவிட்டு வைத்துவிட்டாள்.

அழித்ததைத் திரும்ப இறக்கிக்கொள்ளலாம் என்று திரையில் ஒரு மூலையில் எழுதியிருந்தது. அதற்கு ரோவீனாவின் பாஸ்வேர்ட் வேண்டும். தன் பிறந்த நாளைப் போட்டார். தவறு. கல்யாண நாளைப் போட்டார். தவறு. கல்யாண நாள் பதினாலா பதினாறா என்று சந்தேகம் வந்து, இரண்டாவதையும் போட்டார். 'இருபத்து நான்கு மணி நேரத்துக்கு உங்களுக்கு அனுமதி இல்லை' என்று பெட்டி கதவைச் சாத்திக்கொண்டது.

ஆலையில் எந்த இயந்திரம் மக்கர் பண்ணினாலும் டென்சில் ஒரே வைத்தியம்தான் செய்வார். மின்சாரத்தைப் பிடுங்கிவிட்டு, பத்து எண்ணிவிட்டு, மறுபடி சொருகுவார். அதைச் செய்தார். பாதி இறங்கியிருந்த புல்தரைப் பந்தும் போய்விட்டது. திரையில் ஒரு வட்டம் மட்டும் சுற்றிக்கொண்டே இருந்தது.

கெரின் பள்ளிக்கூட பஸ் ஓட்டுகிறவள். காலை ஓட்டத்துக்கும் மாலை ஓட்டத்துக்கும் நடுவில் ஓய்வு. மறுநாள் பத்தரை மணிக்கு டென்சில் வேலியோரமாகவே நின்று அவளைப் பிடித்தார்.

"கெரின், ஒரு கொலை நடந்துபோச்சு."

அவள் வந்து பார்த்தாள். வட்டத்தை நிறுத்தினாள். வரிசையைத் தேடினாள். உதட்டைப் பிதுக்கினாள்.

"அவங்க பேர்ல உள்ள போக முடியாது டென்சில். பாஸ்வேர்ட் வேணும். கேட்டுடுங்களேன்."

"கேட்டா எதுக்குன்னு கேப்பா."

"சொல்லிடுங்க."

"இடுப்புல இரும்பு வெச்சுக்கிட்டுப் படுத்திருக்கா. அவகிட்டப் போய் ஒன்பது வருஷத் தோட்டத்தைச் சாலட்னு நெனச்சு அழிச்சுட்டேன்னு சொல்லச் சொல்றியா?"

கெரின் கொஞ்சம் யோசித்தாள். "உங்க பேர்ல புதுசா ஒரு கணக்கு ஆரம்பிச்சு, அதே விளையாட்டை இறக்கித் தர்றேன். ஆனா தோட்டம் வெறும் மண்ணாத்தான் இருக்கும். அவங்களோடது அழிஞ்சுதா, எங்கயாவது இருக்கான்னு எனக்குத் தெரியல."

"மண்ணு போதும். மிச்சத்தை நான் பாத்துக்கறேன். யார்கிட்டயும் மூச்சு விடாதே."

போகும்போது கெரின் எதையோ ஒன்றைத் தட்டிவிட்டுப் போனாள். "வெளியாளுங்க வந்து பாக்கலாம்னு திறந்து விட்டிருக்கேன். விதை கிதை கொடுத்து உதவுவாங்க."

அப்படித்தான் எழுபத்தொரு வயதில் டென்சில் விவசாயி ஆனார்.

வெறும் மண் என்றால் வெறும் மண். ஒரு குடிசை, ஒரு மண்வெட்டி, ஒரு வாத்து, அவருக்குப் பதிலாகத் திரையில் நடமாட மூஞ்சி இல்லாத ஒரு பொம்மை. ரோவீனாவின் தோட்டம் எப்படி இருந்தது என்று நினைவுபடுத்திப் பார்த்தார். ஒன்பது வருஷமாக அவள் தோளுக்குப் பின்னால் உட்கார்ந்து செய்தித்தாள் படித்திருக்கிறார், ஒரு தடவைகூடத் திரையைப் பார்த்ததில்லை. மஞ்சளாக என்னவோ இருந்தது. ஒரு பாலம் இருந்ததோ? பாலம் கட்டினார். வாத்து அதில் ஏற மறுத்தது. வெங்காயம் நட்டார். வாத்து தின்றுவிட்டது. வாத்தை அடைக்க வேலி போட்டார். வேலிக்குள் அவரே மாட்டிக்கொண்டு ஒரு மணி நேரம் சுற்றிச் சுற்றி நடந்தார்.

அன்று பிற்பகல் மூன்று மணிக்கு வேலிக்கு அந்தப் பக்கம் ஒரு சிவப்புத் தொப்பி வந்து நின்றது. அதன் தலைக்கு மேல் 'பாஸா' என்று பெயர் மிதந்தது. அதற்கு மேல் ஒரு வரி எழுந்தது.

"வேலி கோணல்."

டென்சிலுக்குச் சுர்ரென்றது. ஜாய்ஸ்டிக்கால் ஒவ்வொரு எழுத்தாகப் பொறுக்கி, "யாருய்யா நீ?" என்று கேட்க அவருக்கு நாலு நிமிஷம் ஆயிற்று.

"பாஸா. குயின்ஸ்லாந்து. லாரி ஓட்டறேன். உன் வேலியை நீ குடிச்சுட்டுப் போட்டியா?"

டென்சில் வாய்விட்டுச் சிரித்தார். ஆலையில் எல்லாரும் இப்படித்தான் பேசுவார்கள். ஆலை மூடியதிலிருந்து அவரிடம் யாரும் இவ்வளவு மரியாதைக் குறைவாகப் பேசியதில்லை.

பாஸா தினமும் மூன்று மணிக்கு வந்தான். ஒரு பை பூசணி விதையைக் கொடுத்து, "இதைப் படுக்க வெச்சு நடு, நட்டுக்க நிக்க வெக்காதே மடையா" என்றான். அவரையையும் வெங்காயத்தையும் பக்கத்தில் பக்கத்தில் நட்டதற்கு அரை மணி நேரம் திட்டினான். வாத்துக்கு ரொட்டி போட்டுப் பழக்கினால் பாலம் ஏறும் என்று சொல்லிக்கொடுத்தான். ஏறியது. டென்சில் எழுந்து நின்று கைதட்டினார்.

சாயங்காலம் ரோவீனா கூப்பிடுவாள்.

"தோட்டம் எப்படி இருக்கு?"

"அமோகமா இருக்கு. பூசணி இப்பத்தான் பூ விட்டிருக்கு."

"நான் பூசணி போடலையே?"

"அ... அது தானா முளைச்சிருக்கு."

"நல்ல மண்ணு" என்பாள் ரோவீனா.

ஒவ்வொரு பொய்க்கும் ஒரு செடி கூடிக்கொண்டே போயிற்று. ஆறாம் நாள் அவரிடம் இருபது பாத்தி இருந்தது, ஒன்றுகூட ரோவீனாவுடையது போல இல்லை என்று அவருக்கே தெரிந்தது.

அன்று பாஸா வந்து, "என்னய்யா, மூஞ்சி இல்லாத பொம்மைக்கே மூஞ்சி தொங்கிக் கிடக்கு?" என்று கேட்டான்.

முன்னே பின்னே தெரியாத லாரிக்காரன். இரண்டாயிரம் மைலுக்கு அந்தப் பக்கம் இருப்பவன். டென்சில் எழுத ஆரம்பித்தார். தோட்டத்தை அழித்ததை எழுதினார். பிறகு அதோடு நிறுத்த முடியவில்லை.

"தோட்டம்கூடப் பரவாயில்லை. அவ விழுந்த படி இருக்கே, அது மூணு வருஷமா ஆடுது. சரி பண்ணு சரி பண்ணுன்னு சொல்லிக்கிட்டே இருந்தா. நாளைக்கு நாளைக்குன்னேன். அவ விழுந்து கிடந்தப்போ என்னைத் திட்டவே இல்லை. திட்டியிருந்தாத் தேவலை. எனக்கு மன்னிப்புக் கேக்க வாய் வரல. அவ இல்லாத வீட்டுல உட்கார முடியல. அதான் இங்கயே கிடக்கேன்."

எழுதி முடிக்க நாற்பது நிமிஷம் ஆயிற்று. சிவப்புத் தொப்பி அவ்வளவு நேரமும் அசையாமல் நின்றது. அதற்குப் பிறகும் நின்றது. போய்விட்டானோ என்று டென்சில் நினைத்தபோது ஒரு வரி வந்தது.

"படியை இப்பவாவது சரி பண்ணினியா?"

"இல்லை."

"அப்ப இங்க என்னத்தைப் புடுங்கிக்கிட்டு இருக்க? எந்திரிச்சுப் போ. வாத்தை நான் பாத்துக்கறேன்."

டென்சில் எழுந்து போனார். கொட்டகையில் சுத்தியலைத் தேடி எடுத்தார். பழைய படியைப் பெயர்த்து எறிந்துவிட்டுப் புதுப் பலகை போட்டார். கைப்பிடியும் வைத்தார். கண் சரியாகத் தெரியாததால் கட்டைவிரலில் இரண்டு அடி. மறுநாள் காலையில் அதன்மேல் ஏறி ஏழெட்டு முறை குதித்துப் பார்த்தார். கெரின் பஸ்ஸிலிருந்தே எட்டிப் பார்த்து, "டென்சில், உடம்பு சரியாத்தானே இருக்கு?" என்றாள்.

வெள்ளிக்கிழமை ரோவீனாவை அனுப்புவதாகச் சொன்னார்கள். கெரின் தன் காரில் டென்சிலை லான்செஸ்டனுக்கு அழைத்துப் போனாள். வழியெல்லாம் அவர் உதட்டுக்குள் ஒத்திகை பார்த்துக்கொண்டே வந்தார். வீட்டுக்குப் போய்த் திரையைப் பார்த்து அவள் அதிர்வதைவிட, இங்கேயே உண்மையைச் சொல்லிவிடுவது என்று முடிவு செய்திருந்தார். பக்கத்தில் டாக்டர்களாவது இருப்பார்கள்.

ரோவீனா உடற்பயிற்சி அறையில் காத்திருக்கிறாள் என்றார்கள். கெரின் சிரிப்பை அடக்கிக்கொண்டு வாசலிலேயே நின்றுவிட்டாள். அங்கே சுவரில் ஒரு பெரிய டிவி. அதன் கீழே அதே பழைய கேம் பெட்டி. ஒரு பெரியவர் ஒரு பலகைமேல் நின்று, திரையைப் பார்த்தபடி இடமும் வலமும் சாய்ந்துகொண்டிருந்தார்.

'இந்தச் சனியன் இங்கேயும் வந்துடுச்சா' என்று டென்சில் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

ரோவீனா நடைவண்டியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். இளைத்திருந்தாள். அவரைப் பார்த்ததும் கண் சிறுத்துச் சிரித்தாள். அவர் போய் அவள் கையைப் பிடித்துக்கொண்டார். ஒத்திகை பார்த்தது எல்லாம் மறந்துபோயிற்று.

"கட்டைவிரலுக்கு என்ன?" என்றாள்.

"படி... அதை விடு. ரோவீனா, உன்கிட்ட ஒண்ணு சொல்லணும். உன் தோட்டம்..."

"என் தோட்டத்துக்கு என்ன?" முகத்தில் ஒரு சுளிப்பும் இல்லாமல் கேட்டாள்.

அவர் வாயைத் திறப்பதற்குள், நடக்கப் பழக்கிய பெண் செஃபீனா வீட்டுக்கு அனுப்பும் காகிதங்களோடு வேகமாக வந்து டென்சிலை ஏற இறங்கப் பார்த்தாள். பிறகு ரோவீனாவின் தோளில் தட்டினாள்.

"என்ன பாஸா, உங்க பழைய தோட்டம் இந்தப் பெட்டியில உங்க பேர்ல அப்படியே பத்திரமா இருக்குன்னு இவர்கிட்டச் சொல்லிட்டீங்களா, இல்ல இன்னும் அந்தக் கோணல் வேலியோடயே அலைய விட்டிருக்கீங்களா?"