கோணல் குட்டையின் சரித்திரம்

உலகத்தில் இஸ்திரி போடுகிறவர்கள் எத்தனையோ லட்சம் பேர். ரஷ்யாவில் இருக்கிற ஒரு பட்டிக்காட்டுக்காகத் துக்கம் அனுசரித்தவர் ஒருத்தர்தான். அவர் வண்டி மலையாளச் சீமையில், கழக்கூட்டம் என்கிற ஊரில், என் டீக்கடைக்குப் பக்கத்தில் நின்றது. பெயர் வேறு. எல்லாருக்கும் அவர் ரஷ்யா.

துணி பொதியப் பழைய பேப்பர் வாங்குவார். அந்தக் கட்டில் ஒருநாள் ஒரு தமிழ்ப் புத்தகம் வந்தது. அட்டை இல்லை. கடைசிப் பக்கங்களும் இல்லை. ரஷ்யாவில் ஒரு கிராமத்தின் சரித்திரம். ஊர்ப்பெயர் கிரிவாயா லூஷா. கோணல் குட்டை என்று அர்த்தமாம், புத்தகத்திலேயே போட்டிருந்தது. நானாக இருந்தால் அதோடு மூடி வைத்திருப்பேன். அவர் பத்துப் பன்னிரண்டு வருசம் படித்தார்.

அப்புறம் எதைப் பேசினாலும் அங்கேதான் போய் நிற்பார். பைபாஸில் முழங்கால் தண்ணீர் நின்றால், அங்கே வெள்ளத்தில் பசுமாடு கூரைமேல் நின்றது என்பார். டீயில் சர்க்கரை குறைந்தால், அங்கே யுத்தக் காலத்தில் ஜனங்கள் மரப்பட்டையை அரைத்துத் தின்றார்கள் என்பார். அதற்கும் என் டீக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்டேன். குடித்ததும் அதுதான் ஞாபகம் வந்தது என்றார்.

ஒரு ஐடிக்காரர் சட்டையைத் தூக்கிக்கொண்டு வந்தார். காலரில் கருகல்.

"சேட்டா, இது கரிஞ்ஞு போயல்லோ."

ரஷ்யா திருப்பித் திருப்பிப் பார்த்தார். "கோணல் குட்டை மூணு தடவை எரிஞ்சுது தம்பி. ஒரு ஆள்கூட ஊரை விட்டுப் போகல."

தம்பி எங்கள் தெருவையே விட்டுப் போய்விட்டார்.

அந்த மூன்றில் பெருந்தீ பிடித்த நாள் புத்தகத்தில் இருந்தது. வருசா வருசம் அந்த நாளில் இஸ்திரிப்பெட்டியில் கரி போட மாட்டார். நெருப்பைத் தொடக்கூடாதாம். ஒரு வருசம் அதே நாளில் ஐடி பார்க்கில் இன்டர்வியூ. இருபது பேர் கசங்கின சட்டையோடு வரிசையில் நின்றார்கள். இவர் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். செத்தது யார் என்று ஒருவர் என்னிடம் கேட்டார். நாற்பது வீடு எரிந்துவிட்டது, ரஷ்யாவில் என்றேன். எனக்கும் பைத்தியம் என்று நினைத்திருப்பார்.

இந்த ஆளுக்கு ஒரு மகள். செல்வி. மருந்துக்கடையில் வேலை. கெட்டிக்காரி. இரண்டு சம்பந்தம் வந்து முறிந்தது. இரண்டும் ஒரே கேள்வியில். பூர்வீகம் எது, குலசாமி எது. ரஷ்யா பிறந்தது போனக்காட்டுத் தேயிலைத் தோட்டத்தில், கூலிக்காரர்களின் வரிசை வீடான லயத்தில். கொழுந்து பறிக்க அவர் தாத்தா மலையேறினார். எந்த ஊரிலிருந்து என்று கூட்டிப்போன கங்காணி சொல்லவில்லை. தாத்தாவும் சொல்லவில்லை. செத்துப்போனார்கள்.

மூன்றாவது சம்பந்தம் நாகர்கோவிலிலிருந்து வந்தது. மாப்பிள்ளை எலக்ட்ரீசியன். செல்விக்குப் பிடித்திருந்தது. இதுவும் போனால் இனி யாரையும் வரச் சொல்லாதீர்கள் என்று சொல்லிவிட்டாள். ரஷ்யாவின் மனைவியை நான் மதினி என்பேன். மதினி அவரைத் தனியாகக் கூப்பிட்டு எச்சரித்தார்.

"ரஷ்யான்னு ஒரு வார்த்தை வாயில வந்துது, நான் போனக்காட்டுக்கு, பொறந்த வீட்டுக்கு பஸ் ஏறிருவேன்."

சரி என்றார்.

அவர்கள் பெண் பார்க்க வந்த அன்று சொந்தக்காரன் இடத்தில் நான் உட்கார்ந்தேன். மாப்பிள்ளையின் மாமாவுக்குப் பெரிய உடம்பு. அதைவிடப் பெரிய குலப்பெருமை. மூன்றாவது முறுக்கில் கேட்டார், பூர்வீகம் எது என்று.

மதினி முகம் வெளுத்தது. ரஷ்யா தொண்டையைச் செருமினார். ஏழு குடும்பம் ஜமீனுக்குப் பயந்து வண்டி கட்டிக் கிளம்பினதாம். அச்சு முறிந்த இடத்திலேயே குடியிருந்ததாம். ஆறு. கோயில். கோயிலில் பெரிய மணி. மூன்று தீ. சொன்ன வாக்கு தவறவில்லை. ரஷ்யா என்ற வார்த்தை வரவே இல்லை. பனியைக்கூட விட்டுவிட்டார்.

மாமா முறுக்கைக் கீழே வைத்தார். அவர் ஊர்க்கதை அவருக்கு நாலு வரி தெரிந்திருக்காது. "பாரம்பரியம்னா இதுல்லா பாரம்பரியம்," என்று மாப்பிள்ளையிடம் சொன்னார். பிறகு இந்தப் பக்கம் திரும்பினார். "கல்யாணத்துக்கு முன்ன ஒரு நடை போயி அந்தச் சாமியைக் கும்பிட்டிருவோம். எங்கன எறங்கணும்?"

ரஷ்யா ஏதாவது ஒரு பெயரைச் சொல்லித் தொலைத்திருக்கலாம். திருநெல்வேலிப் பக்கம் ஊருக்கா பஞ்சம். கதவுக்குப் பின்னால் செல்வி நின்றாள். ரஷ்யா அவளைப் பார்த்தார்.

"அது எங்க ஊரு இல்ல. ரஷ்யாவுல இருக்கு. எங்க ஊரு எதுன்னு எனக்குத் தெரியாது. எங்கப்பாவுக்கும் தெரியாது. எம் மகளுக்கு அதனால ஒரு குறையும் இல்ல."

மாமா எழுந்துபோய்ச் செருப்பை மாட்டினார். மாப்பிள்ளை எழவில்லை. அந்த மணி கடைசியில் என்ன ஆச்சு என்று கேட்டார். ஆற்றில் போட்டு மறைத்தார்கள், அதற்குமேல் பக்கம் இல்லை என்றார் ரஷ்யா. மாப்பிள்ளை சிரித்தார். கதவுக்குப் பின்னாலும் சிரிப்புக் கேட்டது. பெண்ணைக் கட்டிக்கொள்கிறேன் என்று சொல்லிவிட்டார்.

மாமா வாசலில் நின்றபடியே விட்டுக்கொடுத்தார். ஒரே நிபந்தனை. கல்யாணப் பத்திரிகையில் பெண் வீட்டுக்கு ஒரு பூர்வீகம் அச்சாக வேண்டும். எந்த ஊர் என்றாலும் சரி. இல்லாவிட்டால் அவரால் சாதிசனத்துக்கு முன்னால் நிற்க முடியாதாம். அவ்வளவுதான் அந்தக் குலப்பெருமை. ஒரு வரி அச்சில் அடங்கிவிட்டது.

அச்சகத்தில் ரஷ்யா கிரிவாயா லூஷா என்று எழுதிக் கொடுத்தார். நான் அதை அடித்துவிட்டுத் தாமிரபரணிக் கரையில் இருக்கிற என் ஊர்ப் பெயரை எழுதினேன்.

அவருக்குக் கோபம். "அது உன் ஊருல்ல?"

"சின்ன ஊருதாண்ணே. உங்களுக்கும் இடம் இருக்கு."