சம்பந்திக்குக் கொடுத்த மணிப்பூத் தீர்த்தம்

கூச்சக்காரருக்கு ஒரு கெட்ட பழக்கம் உண்டு. விளங்காததற்கெல்லாம் தலையாட்டி விடுவோம். நான் ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்டவள். லண்டனில், குட்மேய்ஸில் வீடு எடுத்த பிறகு, பக்கத்து வீட்டு டோரத்தி வேலிக்கு மேலால் எதைச் சொன்னாலும் "எஸ், எஸ்" என்று சிரிப்பேன். அவருக்கு என்னில் நல்ல விருப்பம். (குறுக்கே பேசாமல் கேட்கிறவளை யாருக்குத்தான் பிடிக்காது?)

ஓர் இலையுதிர் காலத்தில் டோரத்தி ஒரு பிடி வேரை மண்ணோடு கொண்டுவந்து தந்தார். லில்லி ஆஃப் த வேலி என்றார். மதிலோர நிழலைக் காட்டி, அங்கே நடச் சொன்னார். பிறகு வாயைத் தொட்டுக் காட்டி, விரலை ஆட்டி ஆட்டி நெடுநேரம் ஏதோ சொன்னார். பெயரைச் சொல்லிப் பழகச் சொல்கிறாராக்கும் என்று நினைத்து, நான் "எஸ், எஸ்".

நட்டவள் சும்மா இருந்தேனா? என் கை, கால் ஓர் இடத்தில் நிற்காது. முளைக்கிறதா என்று மண்ணைக் கிளறிக் கிளறிப் பார்ப்பேன். பனி கொட்டியதும் பாவம் பார்த்துப் பழைய போர்வையால் மூடினேன். டோரத்தி ஓடிவந்து போர்வையை இழுத்து எறிந்தார். அந்தச் செடிக்குக் குளிர் வேண்டுமாம். குளிரில் கிடந்தால்தான் பூக்குமாம் என்று என் மகள் வாணி மொழிபெயர்த்தாள். என் துளசியோ, ஜன்னலோரம் ஹீட்டருக்குப் பக்கத்தில் ராணி மாதிரி வைத்திருந்தும் செத்துப்போனது.

முதல் வருடம் இலை மட்டும். அடுத்த மே மாதம் பார்க்க வேண்டுமே! குட்டிக் குட்டி வெள்ளை மணிகள் தொங்கின. வாசம் வீட்டுக்குள் வந்தது. நான் அதற்கு மணிப்பூ என்று பெயர் வைத்தேன்.

அந்த மாதம்தான் வாணியைப் பெண் பார்க்க ஹவுன்ஸ்லோவிலிருந்து வந்தார்கள். அதுவரை காட்டிய எல்லாப் படத்தையும் தள்ளிவிட்டவள், இந்தச் சுதனின் படத்தைப் பார்த்துப் "பரவாயில்லை" என்றிருந்தாள். அவள் வாயில் அது பெரிய புகழ்ச்சி. இது குழம்பினால் இனி ஒருவனைத் தேட என்னால் ஏலாது என்று எனக்கு நெஞ்சிடி.

சுதனின் தாய் பக்திக்காரி. வந்ததும் சாமியறைக்குப் போனார். தீர்த்தத்துக்குத் துளசி இல்லையே என்று, விடியவே மணிப்பூவை ஆய்ந்து செம்புத் தண்ணீரில் போட்டிருந்தேன். (புத்தி என்றால் புத்தி!) எல்லோருக்கும் ஒவ்வொரு கரண்டி விட்டேன்.

"என்ன வாசம் தங்கச்சி! இன்னும் ஒரு கரண்டி விடுங்கோ" என்றார் அவர். எனக்குப் பாதிக் கல்யாணம் முடிந்த மாதிரி இருந்தது.

அவருக்குத் தலையில் வைக்கவும் கொஞ்சம் கொடுப்போம் என்று பின்பக்கம் போய்ப் பூ ஆய்ந்தேன். டோரத்தி எட்டிப் பார்த்தார். பெருமை தாங்காமல், பூவைத் தண்ணீரில் போட்டுக் குடித்ததாக நடித்துக் காட்டினேன். அவர் முகம் வெளுத்தது. "பாய்சன்!" என்று கத்தினார். பூ, இலை, அது கிடந்த தண்ணீர் எல்லாமே பாய்சனாம். எனக்கு விளங்குவதற்காக நெஞ்சைப் பிடித்து, நாக்கைத் தள்ளி, கண்ணை மூடியும் காட்டினார். அதற்குப் படிப்புத் தேவையில்லை.

உள்ளே ஓடினேன். சுதனின் தாய் வடை சாப்பிட்டுக்கொண்டிருந்தார். தகப்பன் சோபாவில் கண்ணை மூடிச் சாய்ந்திருந்தார். (இரவு ஷிப்ட் முடித்து வந்தவர். அது எனக்கு எங்கே தெரியும்?) சொன்னால் சம்பந்தம் குழம்பிவிடுமே என்று, தேத்தண்ணித் தட்டைத் தூக்கிக்கொண்டு குசினிக்கும் ஹோலுக்கும் நடந்தேன்.

"அம்மா, ஏன் ஓடித் திரியிறியள்? இருங்கோ" என்றாள் வாணி.

நான் சுதன் முன்னால் போய் நின்றேன். "தம்பி, நெஞ்சு எப்பிடி இருக்கு?"

அவன் வாணியைப் பார்த்துச் சிவந்தான். "கொஞ்சம் படபடப்பாத்தான் இருக்கு அன்ரி."

என் கையிலிருந்த தேத்தண்ணித் தட்டு விழுந்தது. அதோடு உண்மையும் விழுந்தது. "அக்கா, தீர்த்தத்திலை போட்ட பூ நஞ்சாம்!"

அவர் வடையைக் கீழே வைத்தார். "நீங்கள் குடிச்சனீங்களோ?"

"இல்லை அக்கா... வேலை அவதியிலை மறந்துபோனன்."

"ஓ! பிள்ளையைக் குடுக்க விருப்பமில்லையெண்டால் வாயாலை சொல்லியிருக்கலாமே!"

சுதன் காரை எடுத்தான். தீர்த்தம் குடித்துவிட்டுச் சோடா வாங்கப் போயிருந்த என் கணவரை வழியில் கண்டு, போத்தல்களோடு அள்ளி ஏற்றினோம். அவரைக் கண்ட பிறகுதான் அவரும் குடித்தது எனக்கு நினைவு வந்தது. (இன்றைக்கும் சொல்லிக் காட்டுவார்.)

ஆஸ்பத்திரியில் வாணி எல்லாவற்றையும் இங்கிலீசில் சொன்னாள். இந்த நஞ்சுக்கு நெஞ்சுத் துடிப்பு மெதுவாகுமாம். மற்றவர்களுக்கு ஒன்றும் இல்லை. சுதனுக்கு மட்டும் குதிரை ஓட்டம். நர்ஸ் திரும்பத் திரும்பப் பார்த்தார். பிறகு என்ன நினைத்தாரோ, பக்கத்தில் நின்ற வாணியை வெளியே போகச் சொன்னார். துடிப்பு அடங்கியது. கூப்பிட்டார். ஏறியது. நர்ஸ் விழுந்து விழுந்து சிரித்தார்.

ஒரு கரண்டித் தண்ணீரால் பெரிய ஆபத்து இல்லை, ஆனாலும் பொழுதுபடும்வரை இருந்து பார்க்க வேண்டும் என்றார்கள். எல்லோரும் வரிசையாக இருந்தோம். சுதனின் தகப்பன் குறட்டை விட்டார். சுதனும் வாணியும் மூலையில் கதைத்தார்கள், கதைத்தார்கள், முடிக்கவே இல்லை. தாய் அவர்களையே பார்த்திருந்துவிட்டுப் பெருமூச்சு விட்டார்.

"நஞ்சு குடிச்சும் பல்லைக் காட்டிக்கொண்டு இருக்கிறான். இனி நான் வேறை எங்கை போய்ப் பொம்பிளை பாக்கிறது? நாளைக் குறியுங்கோ தங்கச்சி."

கல்யாணம் நடந்தது. அன்றிலிருந்து எங்கள் வீட்டில் நான் தீர்த்தம் கொண்டுவந்தால் ஒருவரும் கை நீட்டுவதில்லை. "முதல்லை நீங்கள் குடியுங்கோ மாமி" என்பான் சுதன். குடிப்பேன். "பொறுங்கோ, கொஞ்சம் பாப்பம்" என்பார் சம்பந்தி. நான் விழாமல் நிற்கிறேன் என்று கண்ட பிறகுதான் கைகள் நீளும்.

பேரப்பிள்ளைகள் அதைப் பூசையின் ஒரு முறை என்றே நினைத்து வளர்ந்தார்கள். மூத்தவள் சின்னப் பிள்ளையாக இருந்தபோது, கோயிலில் ஐயர் தீர்த்தச் செம்போடு அவள் முன்னால் வந்து குனிந்தார். அவள் இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு சொன்னாள்:

"முதல்லை நீங்கள் குடியுங்கோ ஐயா. கொஞ்சம் பாப்பம்."