தாளாளருக்கு மஞ்சள் அட்டை

"உன் குரல் மூணாவது பெஞ்சைத் தாண்டாதும்மா. பத்தாங்கிளாஸை எப்படி மேய்ப்ப?" என்றார் எங்கள் பள்ளித் தாளாளர்.

கேட்டுவிட்டு, போனால் போகிறதென்று பத்தாம் வகுப்புக் கணக்கை என்னிடம் கொடுத்தார். அரையாண்டுத் தேர்வு முடிந்ததும் பெற்றோர் கூட்டம் நடக்கும். அதில் குறை வந்தால் நான் மறுபடி ஆறாம் வகுப்புக்கே போய்விட வேண்டும். இதுதான் நிபந்தனை. நான் தலையாட்டினேன். எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். "என் பொண்ணு பத்தாவதுக்கே பாடம் எடுக்குது" என்று அம்மா அன்று சாயங்காலத்துக்குள் கள்ளிக்குப்பம் முழுவதும் சொல்லி முடித்துவிட்டார். இனி ஆறாம் வகுப்புக்கு இறங்கினால் நாங்கள் வீடு மாறுவதைத் தவிர வேறு வழியில்லை.

தாளாளரையாவது சமாளிக்கலாம். ஆனால் அந்த வகுப்புக்கு வகுப்பாசிரியை டேக்கிள் மிஸ். அம்பத்தூரிலிருந்து ஆவடி வரை சல்லடை போட்டுச் சலித்தாலும், பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து உயிரை எடுப்பதில் அவருக்கு ஈடான இன்னொருவர் கிடைக்க மாட்டார்.

வாரத்தில் ஐந்து நாள் அவர் சமூக அறிவியல் ஆசிரியை. சனி, ஞாயிறில் ரக்பி ஆட்டக்காரி. முட்டை வடிவப் பந்தைக் கட்டிக்கொண்டு ஒருத்தி ஓடுவாள். எதிரணிக்காரி பாய்ந்து அவள் இடுப்பைக் கட்டி மண்ணில் சாய்ப்பாள். அப்படிச் சாய்ப்பதற்குப் பெயர் டேக்கிள். பிள்ளைகள் வைத்த பட்டப்பெயர் அதுதான். உண்மைப் பெயர் சம்பளப் பட்டியலில் மட்டும் இருந்தது.

திங்கட்கிழமை காலையில் அவர் எந்த முகத்தோடு வருவார் என்று யாருக்கும் தெரியாது. ஒரு வாரம் கண்ணைச் சுற்றிக் கறுப்பு வளையம், மறுவாரம் உதட்டில் தையல். "ஒண்ணுமில்ல கணக்கு, அரக்கோணத்துக்காரி முழங்கை" என்பார். சக ஆசிரியர்களைப் பாடத்தின் பெயரைச் சொல்லித்தான் கூப்பிடுவார், நான் கணக்கு. பாவப்பட்டது அவருடைய கணவர்தான். கேஸ் சிலிண்டரைக்கூட மனைவியைத் தூக்கச் சொல்லும் ஒல்லி மனிதர். மிஸ்ஸின் முகத்தைப் பார்த்துவிட்டுத் தெருப் பெண்கள் எல்லாரும் அவரை முறைத்தார்கள். அவர் டீக்கடைக்குப் போவதையே விட்டுவிட்டார்.

ரக்பியில் பந்தை முன்னால் இருப்பவருக்கு எறியக் கூடாது, பின்னால் வருபவருக்குத்தான் எறிய வேண்டுமாம். இந்த விதி மைதானத்தோடு நின்றிருந்தால் எனக்கென்ன? வராந்தாவில் முன்னால் நடந்துகொண்டே, திரும்பிக்கூடப் பார்க்காமல், விடைத்தாள் கட்டைப் பின்னால் எறிவார். "கணக்கு, புடி!" என்ற குரல் கட்டுக்குப் பிறகுதான் வந்து சேரும். ஒரு நாள் விடைத்தாளுக்குப் பதிலாகச் சாம்பார் டப்பா வந்தது. அன்று நான் கட்டியிருந்தது புதுப் புடவை.

"நான் கரெக்டா தான் போட்டேன். நீ தான் கை நீட்டல" என்றார்.

மற்ற பள்ளிகளில் கணக்கு டீச்சர்தான் விளையாட்டுப் பீரியடைப் பிடுங்குவார். எங்கள் பள்ளியில் சமூக அறிவியல் டீச்சர் கணக்குப் பீரியடைப் பிடுங்கி, தான் பயிற்சி கொடுக்கும் பெண்கள் ரக்பி அணியை மைதானத்துக்கு ஓட்டிக்கொண்டு போனார். காரணம் கேட்டால், "மழ பேஞ்சு மண்ணு மெத்துனு கீது. இப்ப உழுந்தா அடிபடாது. உன் முக்கோணம் நாளைக்கும் அங்கியே தான இருக்கும்?" என்றார். பரீட்சை நெருங்க நெருங்க எனக்கு ரத்தம் கொதித்தது.

எல்லாவற்றுக்கும் மேல் அந்த மஞ்சள் அட்டை. ரக்பியில் தப்பாட்டம் ஆடினால் நடுவர் மஞ்சள் அட்டை காட்டுவார். பத்து நிமிடம் வெளியே உட்கார வேண்டும். எங்கள் பள்ளியில் வெளியே என்றால் வேப்பமரத்தடி. மிஸ் புடவைக்கு மேல் போடும் ஓவர்கோட்டின் பையில் அந்த அட்டை எப்போதும் இருக்கும். கரும்பலகையில் அவர் வரைந்திருந்த தேசப்படத்தை நான் தெரியாமல் அழித்தபோது எனக்கே காட்டினார். போய் மரத்தடியில் நின்றேன் என்பதுதான் வெட்கக்கேடு. அந்த அட்டையைப் பார்த்ததும் கால் தானாக நடந்துவிடுகிறது.

பெற்றோர் கூட்டம் வந்தது. வகுப்பறை நிறையக் கூட்டம். மூலையில் தாளாளர். சுவரோரம் நான். ஆளுக்கு ஒரு பக்கம் கத்த ஆரம்பித்ததும் டேக்கிள் மிஸ் மேசையைத் தட்டினார்.

"இன்னிக்கு நான் தான் ரெஃப்ரி. ரெஃப்ரிகிட்ட கேப்டன் மட்டும் தான் பேசலாம். உங்க கேப்டன் யாரு?"

"இன்னா மிஸ், நாங்க மேட்ச் ஆடவா வந்துகீறோம்?"

"கேப்டன் இல்லன்னா கூட்டமும் இல்ல."

இருப்பதிலேயே பெரிய தொண்டை ஷேர் ஆட்டோ ஓட்டும் தனசேகருக்கு. எங்கள் தெருக்காரர். அவரையே எல்லாரும் முன்னால் தள்ளிவிட்டார்கள். அவர் லுங்கியை இறக்கிவிட்டுக்கொண்டு ஆரம்பித்தார்.

"கணக்குக்கு ஒரு சாரப் போடுங்க மிஸ். இந்தப் பொண்ண இத்தினியூண்டா கீற சொல்லோ பாத்தவன் நான். இவங்க நைனா பாடில ஒரு கம்பெனில மூட்ட தூக்கினு இருந்தாரு. இது போயி பத்தாவதுக்குப் பாடம் எடுக்கறதுன்னா..."

காது சுட்டது. அந்த மூட்டைதான் என்னைப் படிக்கவைத்தது என்று சொல்ல வாயைத் திறந்தேன். டேக்கிள் மிஸ்ஸின் கை ஓவர்கோட் பைக்குப் போனது. மூடிக்கொண்டேன்.

"கேப்டன், இது உங்க பேச்சா, டீம் பேச்சா?"

"ரெண்டும் ஒண்ணு தான் மிஸ்."

"கேட்டீங்களா?"

தனசேகர் திரும்பிக் கூட்டத்தைப் பார்த்தார்.

"கேட்டுனு வாங்க. தோள் மேல கை போட்டு, வட்டமா நின்னு பேசணும்."

கூட்டம் கடைசிப் பெஞ்சுப் பக்கம் ஒதுங்கியது. ஆண்கள் ஒரு வட்டம், பெண்கள் ஒரு வட்டம், இரண்டுக்கும் நடுவில் தனசேகர். தாளாளருக்குப் பொறுமை போய்விட்டது. எழுந்தார்.

"இதுல கேட்கிறதுக்கு என்ன இருக்கு? அவரே சொல்லிட்டாரு. திங்கட்கிழமையிலிருந்து இந்தப் பொண்ணு ஆறாங்கிளாஸுக்குப்..."

முடிக்கவில்லை. அவர் மூக்குக்கு முன்னால் மஞ்சள் அட்டை நின்றது.

டேக்கிள் மிஸ்ஸே தன் கையைப் பார்த்து அதிர்ந்துபோனார். ஆனால் காட்டிய அட்டையை உள்ளே வைக்கும் பழக்கம் அவருக்கு இல்லை.

"பத்து நிமிஷம் சார். வேப்பமரம்."

தாளாளர் எங்களைப் பார்த்தார். பெற்றோரைப் பார்த்தார். அவர்கள் எல்லாரும் வாசலைப் பார்த்தார்கள். அந்த மனிதர் போய்விட்டார்! தன் பள்ளிக்கூடத்தில், தான் நட்ட மரத்தடியில், கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றார்.

கேப்டன் திரும்பி வந்தபோது முகம் தொங்கியிருந்தது.

"மிஸ், என் மனசுல வேற கீது. ஆனா டீம் இதே டீச்சரே இருக்கட்டும்னு சொல்லுது. கணக்குன்னா வவுத்த வலின்னு படுத்துக்கிற பசங்கோ இப்ப ஊட்ல குந்திகினு கணக்கு போடுதாம். என் பொண்ணும் போடுதாம். என் சம்சாரம் இப்ப சொல்லித்தான் எனக்கே தெரியும்." தலையைச் சொறிந்துகொண்டு என் பக்கம் திரும்பினார். "கொரல மட்டும் கொஞ்சம் ஏத்தும்மா."

பத்து நிமிடம் முடிந்து தாளாளர் உள்ளே வந்தார். அத்தனை பெற்றோர் சொன்னதற்கு எதிராக அவரால் பேச முடியவில்லை. பத்தாம் வகுப்பு எனக்கே நிலைத்தது.

டேக்கிள் மிஸ்ஸின் விதிப்படி, தண்டனை முடித்து வந்தவரிடம் யாரும் பழையதைப் பேசக் கூடாது. வந்தவரும் பழையதை மனதில் வைத்துக்கொள்ளக் கூடாது. இந்த இரண்டாவது பாதியைத் தாளாளருக்கு யாரும் சொல்லவில்லை போலிருக்கிறது. திங்கட்கிழமை டேக்கிள் மிஸ்ஸை நசரத்பேட்டைக் கிளைப் பள்ளிக்கு மாற்றிவிட்டார்.

எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. "உங்களை யார் மிஸ் அட்டை காட்டச் சொன்னது?" என்று கத்தினேன்.

"நானா காட்னேன்? கை தானா போச்சு. அவரு கேப்டன் இல்ல தான?" என்றார். பிறகு, "இன்னா சவுண்டு கணக்கு உனக்கு! கடேசி பெஞ்சு தாண்டி கேட்டிருக்கும்" என்று சிரித்துக்கொண்டே பையைக் கட்டினார்.

இப்போது என் பீரியடை யாரும் பிடுங்குவதில்லை. புடவையில் சாம்பார் இல்லை. பக்கத்து நாற்காலியில் அறிவியல் டீச்சர் சத்தமில்லாமல் உட்கார்ந்து, சத்தமில்லாமல் திருத்தி, சத்தமில்லாமல் வீட்டுக்குப் போகிறார். எரிச்சலாக இருக்கிறது. திட்ட ஆளில்லாத ஒரு ஓய்வறையில் ஒருத்தி எவ்வளவு நேரம்தான் டீ குடிப்பது?

போன வாரம் தாளாளர், பொறுப்புக்கு ஆசிரியர் இல்லாததால் பெண்கள் ரக்பி அணியைக் கலைக்கப் போவதாகச் சொன்னார். "நான் பார்த்துக்கறேன் சார்" என்றது ஒரு குரல். என்னுடையதுதான்.

நேற்று பள்ளி விட்டதும் பூந்தமல்லி போய், பஸ் மாறி நசரத்பேட்டையில் இறங்கினேன். மைதானத்தில் டேக்கிள் மிஸ் யாரையோ மண்ணில் சாய்த்துவிட்டு எழுந்தார். ஒரு பக்கக் கன்னம் வீங்கியிருந்தது. என்னைப் பார்த்ததும் இடுப்பில் கை வைத்தார்.

"இன்னா கணக்கு, பொடவையோடவா ஆட வந்துகீற?"

பையைத் திறந்து புது டிராக் பேண்ட்டை எடுத்துக் காட்டினேன்.