பெரியப்பா ஊட்டு வைஃபை

எனக்குப் பொறாமை வந்தால் வயிறு எரிவதோடு நிற்காது, கையும் அரிக்கும். அந்த அரிப்பில்தான் மனைவியின் இன்டர்வியூ அன்று காலையில் வீட்டு ரூட்டரைக் கொன்றேன்.

காரணம் சகலை. என் மனைவியின் அக்கா புருஷன், மீஞ்சூர்க்காரர். மலிவான பழைய ரூட்டரில் கம்பெனி போட்டிருந்த மென்பொருளைத் தூக்கிவிட்டு, இணையத்தில் இலவசமாகக் கிடைக்கும் திறந்தமூல மென்பொருளை ஏற்றிவிட்டார். அவ்வளவுதான்.

"மாமா ஊட்ல மொட்டமாடி வரைக்கும் நெட்டு எடுக்குது. நீங்களும்தான் கும்மிடிப்பூண்டில கம்பெனிக்குப் போய்க்கினு கீறீங்க" என்று இழுத்தாள் மனைவி. (எனக்கு அங்கே குடோன் வேலை. ரூட்டருக்கும் எனக்கும் ஒட்டுமில்லை உறவுமில்லை.)

பதினோரு மணிக்கு அவளுக்கு வீடியோ இன்டர்வியூ. மகள் பிறந்து ஆறு வருஷம் கழித்து வந்த முதல் வாய்ப்பு. அதற்குள் நானும் ஏற்றிக்காட்டி சகலை புராணத்துக்கு முடிவு கட்டலாம் என்று ஒன்பதரைக்கே உட்கார்ந்தேன்.

ரூட்டரின் வெர்ஷன் எண்ணுக்குப் பொருத்தமான ஃபைலைத்தான் ஏற்ற வேண்டும். அந்த எண் அடிப்பக்க ஸ்டிக்கரில் இருக்கும். எங்கள் வீட்டில் ஆயுதபூஜைக்கு மிக்ஸி முதல் ரூட்டர் வரை பொட்டு வைப்பது என் இலாகா. ரூட்டருக்கு முகம் எது, முதுகு எது என்று தெரியாமல் அந்த ஸ்டிக்கரிலேயே சந்தனம் வைத்திருந்தேன். காய்ந்த சந்தனம் 8-இன் இடது பாதியை மறைத்து 3 ஆக்கியிருந்தது. 'இது பொருந்தாத ஃபைல்' என்று ரூட்டரே தடுத்தது. நான் கேட்கவில்லை, மீறி ஏற்றினேன்.

விளக்குகள் எல்லாம் அணைந்தன. இப்படிச் செத்த ரூட்டருக்குச் 'செங்கல்' என்று பெயராம்.

"இன்னாங்க, நெட்டு வரல?"

"வரும்."

"எப்போ?"

எங்கள் பொன்னேரித் தெருவில் செல்போன் சிக்னல் ஒற்றைக் கோடு. அவள் திட்டவில்லை, சகலைக்குப் போன் போட்டாள். அவளையும் மகளையும் பைக்கில் ஏற்றி, செங்கல்லோடு அவர் வீட்டு வாசலில் நானே கொண்டுபோய் இறக்கினேன். எரிச்சலில் வழியெல்லாம் ஹாரனை அழுத்தினேன்.

அவர் மாடியறையில் இன்டர்வியூ கொடுத்தாள். வேலை கிடைத்தது.

கீழே சகலை, "பேஜார் ஆவாத சகல, இத்த எழுப்பிடலாம்" என்று ஏதோ ஒயரைச் செருகி அரைமணியில் உயிர் கொடுத்தார். பக்கத்திலிருந்த என் மகளிடம், "வைஃபைக்கு இன்னா பேரு வெக்கலாம் கண்ணு?" என்று கேட்டார். அவள் சொன்னதையே வைத்தார்.

பெயரை மாற்ற, ரூட்டர் செட்டிங்குக்கு அவர் போட்ட தனி பாஸ்வேர்டு வேண்டும். கேட்க மானம் தடுக்கிறது. இன்றும் விருந்தாளி யாராவது எங்கள் வைஃபை பெயரைக் கேட்டால், மனைவியும் மகளும் வாய் திறக்காமல் என்னையே பார்க்கிறார்கள். என் வீட்டில் நின்றுகொண்டு நான்தான் சொல்ல வேண்டியிருக்கிறது:

"பெரியப்பா ஊடு."