உங்கள் பிள்ளை வரைந்த ஆறு

மதிப்பிற்குரிய சம்பந்தி அவர்களுக்கு,

வணக்கம். இங்கு யாவரும் நலம். தாங்களும் சம்பந்தியம்மாளும் நலமாக இருப்பீர்கள். கடிதத்தைப் படித்து முடித்த பிறகும் அந்த நலம் நீடிக்க வேண்டும் என்பதால் தயவுசெய்து உட்கார்ந்து படிக்கவும்.

சம்பந்தம் பேச வந்த அன்று தாங்கள் என் வீட்டு நாற்காலியில் சாய்ந்துகொண்டு, "பையன் மியூசியத்துல இருக்கான், ஆராய்ச்சி மாதிரி" என்றீர்கள். அந்த 'மாதிரி'யைக் கவனிக்காமல் விட்டது என் தப்பு. உங்கள் பிள்ளை என்ன செய்கிறார் என்று இப்போதுதான் நேரில் பார்த்தேன். ஓர் அறை அளவுக்குக் கண்ணாடிப் பெட்டி கட்டி, உள்ளே பஞ்சடைத்த மிருகங்களை நிறுத்தி, தரையில் பொய்ச் சேறும் பொய்ப் புல்லும் பரப்பி வைக்கிறார்கள். அதற்கு டயோரமா என்று பெயராம். அதன் பின்சுவரில் ஆறும் ஆகாயமும் வரைவதுதான் உங்கள் பிள்ளையின் உத்தியோகம். நான்கு மாதமாக ஒரே ஆற்றை வரைந்திருக்கிறார். நானோ நீர்ப்பாசனத் துறையில் முப்பத்தோரு வருடம் நிஜ ஆற்றோடு மல்லுக்கு நின்றவன். என் பழைய சிநேகிதரின் சிமென்ட் கிடங்கில் மேலாளர் வேலை ஒன்று காலியாக இருக்கிறது, மாதக் கடைசிக்குள் உங்கள் பிள்ளையைச் சம்மதிக்க வைக்கலாம் என்றுதான் இங்கே இவர்கள் வீட்டுக்குப் புறப்பட்டு வந்தேன்.

வந்த அன்றே முழங்கால் வலிக்கு ஐஸ் வைக்கலாம் என்று ஃப்ரிட்ஜைத் திறந்தால், மேல்தட்டில் செய்தித்தாள் சுற்றி ஒரு நாரை படுத்திருக்கிறது. நான் போட்ட சத்தத்தில் மாடி வீட்டுக்காரர் இறங்கி வந்துவிட்டார். என் மகள் அடுப்பிலிருந்து திரும்பிக்கூடப் பார்க்காமல், "பயப்படாதீங்கப்பா, செத்ததுதான். ஐஸ் அதுக்கு அடியில இருக்கும், காலைத் தூக்கிட்டு எடுங்க" என்கிறாள். யார் காலை என்று கேட்க எனக்குத் துணிவில்லை. குளியலறை வாளியில் களிமண் ஊறுகிறது. அசதியாகக் கட்டிலில் உட்கார்ந்தேன், அடியில் நொறுநொறுவென்றது, துள்ளி எழுந்து பார்த்தால் மெழுகில் செய்த இலைகள், மொத்தம் எண்பத்து நான்கு, ஆற வைத்திருந்தார்களாம். கணிதத்தில் முதுகலை முடித்த பெண், சம்பந்தி, வேலை விட்டு வந்ததும் சாயங்காலம் முழுக்கக் கத்தரிக்கோலும் கையுமாக இலை வெட்டுகிறாள்! "ஒவ்வொரு இலையும் வேற வேற மாதிரி இருக்கணும்பா. இல்லேன்னா பாக்கறவங்க கண்டுபிடிச்சிடுவாங்க" என்று எனக்கே பாடம் வேறு.

கண்டுபிடிக்கப் போகிறவர்கள் யாரென்று மறுநாள் மியூசியத்துக்குப் போய்ப் பார்த்தேன். ஒரு கூடம், பதினான்கு கண்ணாடிப் பெட்டிகள், நடுவில் நாற்காலியில் ஒரு காவலாளி. காவலாளிக்கும் மிருகங்களுக்கும் ஒரே வித்தியாசம், மிருகங்கள் கண்ணைத் திறந்து வைத்திருந்தன. காட்டுப்பூனை ஒன்று இருபத்தாறு வருடமாக ஒரு முயல்மேல் பாயப் போகிறது. முயலுக்கே அலுத்துவிட்டது, முகத்தைப் பார்த்தால் தெரிகிறது. நாற்பது குழந்தைகளை ஓட்டிக்கொண்டு ஒரு டீச்சர் வந்தார். "யாரும் வேடிக்கை பாக்கக் கூடாது. போர்டுல இருக்கறதை அப்படியே எழுதிக்கோங்க" என்றார். போர்டு இருந்தது எதிர்ச்சுவரில். நாற்பது பேரும் மிருகங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு எழுதினார்கள். ஒரு சின்னப் பெண் மட்டும் திரும்பி, "மிஸ், இதெல்லாம் எப்படிச் செத்துச்சு?" என்று கேட்டாள். "அது பரீட்சைக்கு வராது, எழுது" என்று பதில் வந்தது. இந்தக் கல்விக்காகத்தான் உங்கள் பிள்ளையும் என் பெண்ணும் நாரையோடு ஃப்ரிட்ஜைப் பங்கு போட்டுக்கொண்டு வாழ்கிறார்கள். மியூசியத்து இயக்குநரம்மாவிடம் இதனால் என்ன பிரயோஜனம் என்று நேரடியாகவே கேட்டேன். அவர் ஒரு நோட்டைப் பிரித்து, "சார், ஒரு குழந்தை ஒரு பெட்டி முன்னால சராசரியா பதினோரு விநாடி நிக்குது. போன வருஷம் ஒம்பதுதான்" என்றார், பெருமையாக. நான் கொட்டாவி விடவே அதைவிட அதிக நேரம் எடுத்துக்கொள்கிறவன்.

நேற்று உங்கள் பிள்ளை வரைந்த ஆற்றங்கரைப் பெட்டிக்குத் திறப்பு விழா. கல்வி அதிகாரி, அதே டீச்சர், அதே நாற்பது பேர், குடும்பத்தார் என்ற முறையில் முன்வரிசையில் நான். திரையை விலக்கினார்கள். எல்லோரும் கைதட்டினார்கள், எனக்குக் கை எழும்பவில்லை. சுவரில் வரைந்த ஆறு நுரையும் சுழலுமாக இடப்பக்கம் ஓடுகிறது. தரையில் நாணல் முழுக்க வலப்பக்கம் சாய்ந்து நிற்கிறது. ஒரே ஆறு, சம்பந்தி, ஒரே நேரத்தில் இரண்டு பக்கமும் ஓடுகிறது! "தண்ணி எந்தப் பக்கம் போகுது?" என்று பக்கத்தில் இருந்தவரிடம் மெதுவாகத்தான் கேட்டேன். தெரு வரைக்கும் கேட்டதாக உங்கள் மருமகள் சொல்கிறாள். கல்வி அதிகாரி பேச்சை நிறுத்திவிட்டார். நிறுத்தின பிறகு விளக்காமல் இருந்தால் மரியாதையா? பக்கவாட்டுக் கதவு வழியாக உள்ளே நுழைந்தேன். சேறு இன்னும் காயவில்லை என்று எவரும் சொல்லவில்லை. வலது கால் முழங்கால் வரை இறங்கியது, பிடிமானத்துக்கு எட்டிப் பிடித்த நீர்நாய் கம்பியோடு கையில் வந்துவிட்டது. செருப்பு இன்னும் அங்கேதான் இருக்கிறது.

கண்ணாடிக்கு வெளியே பார்த்தால், நாற்பது பேரும் போர்டை விட்டுவிட்டுக் கண்ணாடியில் மூக்கை ஒட்டிக்கொண்டு நிற்கிறார்கள். நோட்டுகளெல்லாம் தரையில். "தாத்தா, எந்தப் பக்கம்?" என்று கத்துகிறார்கள். பதில் சொல்லாவிட்டால் நீர்நாய்க்குப் பயந்து நிற்கிறேன் என்று நினைத்துவிடுவார்களே! நாணலைக் காட்டினேன், வெள்ளம் எப்படி அதைச் சாய்க்கும் என்று கையால் காட்டினேன், வாத்து ஏன் வளைவின் உள்பக்கமாகக் கூடு கட்டும், நீர்நாய் ஏன் எதிர்ப்பக்கம் வளை தோண்டும், எல்லாம் சொன்னேன், நாயைக் கக்கத்தில் வைத்துக்கொண்டே. நாற்பது நிமிஷம். இயக்குநரம்மா கைக்கடிகாரத்தைப் பார்த்து நோட்டில் எழுதிக்கொண்டே இருந்தார். வாழ்க்கையில் இப்படி ஓர் அவமானத்தை நான் பட்டதில்லை.

உங்கள் பிள்ளைக்குக் கோபமாவது வந்திருக்கலாம், ஆள் தேறுவார் என்று நம்பியிருப்பேன். கூட்டம் கலைந்ததும் வந்து சுவரையும் நாணலையும் மாறி மாறிப் பார்த்தார். "நீங்க சொல்றதுதான் சரி மாமா. நாணலைப் பிடுங்கினா உடைஞ்சிடும். ஆத்தை மாத்திடறேன்" என்று சொல்லிவிட்டு, வெள்ளைப் பெயின்ட்டை எடுத்து நான்கு மாத வேலையை என் கண்ணெதிரே அழிக்க ஆரம்பித்தார். முகத்தில் ஒரு சுருக்கம் இல்லை. என் துறையில் மதகைத் தலைகீழாக மாட்டிய பொறியாளர்கூட அது சரிதான் என்று பதினாறு பக்கம் எழுதிக் கொடுத்தார். புத்தி சுவாதீனமுள்ள எவனாவது, தப்பு என்று ஒருத்தன் சொன்னதும், ஆமாம் என்று ஒப்புக்கொள்வானா?

ஆகவே தகப்பன் என்ற முறையில் தாங்கள் உடனே கண்டிப்பாக ஒரு கடிதம் எழுதி, சிமென்ட் கிடங்கில் சேரும்படி உத்தரவிட வேண்டுகிறேன். சிமென்ட் மூட்டை எந்தப் பக்கமும் ஓடாது.

சம்பந்தியம்மாளுக்கு என் வணக்கம். வீட்டில் உள்ள பெரியவர்கள் நீண்ட ஆயுளோடும், சிறியவர்கள் நல்ல புத்தியோடும், எல்லோரும் நல்ல தூக்கத்தோடும் இருக்கப் பிரார்த்திக்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் அன்புள்ள சம்பந்தி

பின்குறிப்பு: இதை எழுதி ஆறு நாள் ஆகிறது. கை வலிக்க எழுதியதைக் கிழித்துப் போட மனம் வரவில்லை, அதனால் அனுப்புகிறேன். படித்தவற்றைப் படிக்காததாக வைத்துக்கொண்டு, மாப்பிள்ளைக்கு எதுவும் எழுத வேண்டாம். நான் இன்னும் இரண்டு மாதம் இங்கேதான். செவ்வாயும் வியாழனும் பள்ளிக்கூடப் பிள்ளைகள் வருகிறார்கள், வேறு யார் சொன்னாலும் கேட்பதில்லை என்கிறார் இயக்குநரம்மா. ஆறு இப்போது வலப்பக்கம் ஓட ஆரம்பித்திருக்கிறது, நீங்கள் வந்து பார்க்க வேண்டும். ஓர் உதவி. பெட்டிச் சேற்றுக்கு இங்கே கிடைக்கும் மண் ரொம்பச் சிவப்பு. உங்கள் வீட்டுப் பின்பக்கம் ஆற்றங்கரையில் கருவண்டல் கிடக்குமே, நான்கு கிலோ சலித்து, நல்ல பையில் கட்டி அனுப்புங்கள். வெயிலில் காயவைத்தால் நிறம் போய்விடும், நிழலில் உலர்த்துங்கள். மாப்பிள்ளை அந்த விஷயத்தில் ரொம்பக் கறார். நானும்தான்.