உட்காரு என்றால் நாற்காலி

"உட்காரு" என்றார் சலூன்காரர். கறுப்பு நாய் ஒரே தாவலில் முடிவெட்டும் நாற்காலியில் ஏறி, கண்ணாடியைப் பார்த்துத் தாடையைத் தூக்கி வைத்துக்கொண்டது.

"அங்க இல்லடா, கீழ. பெஞ்சுக்கு அடியில."

நாய் இன்னும் கொஞ்சம் நிமிர்ந்து உட்கார்ந்தது.

கட்டடச் சொந்தக்காரர் கறாராகச் சொல்லிவிட்டிருந்தார். அடுத்த முறை தாம் முடிவெட்ட வரும்போது நாய் சொன்ன பேச்சுக் கேட்டுத் தரையில் உட்கார வேண்டும். இல்லாவிட்டால் அன்றே அதை வெளியே அனுப்பிவிட வேண்டும். தெருவில் கிடந்த குட்டியைத் தூக்கி வந்து வளர்த்த சலூன்காரருக்கு அதை நினைத்தாலே சோறு இறங்கவில்லை.

இருக்கிற இடத்தையெல்லாம் விட்டுவிட்டு அது ஏன் நாற்காலியையே கட்டிக்கொண்டு அழுகிறது? இந்தக் கேள்வி அவர் மண்டையைக் குடைந்தது. வந்தவர் போனவரிடமெல்லாம் விசாரித்தார்.

"நீங்க எல்லாரையும் உட்காருங்கன்னு சொல்றீங்க. அவங்க அதுல ஏறுறாங்க. அது பார்த்துக்கிட்டேதானே இருக்கு?" என்றார் தபால்காரர்.

நியாயமாகத்தான் பட்டது. அன்றிலிருந்து வாடிக்கையாளர்களை வாயால் உட்காரச் சொல்வதை நிறுத்தி, துண்டை உதறிச் சைகை காட்டினார். தங்களை விரட்டுகிறார் என்று கோபித்துக்கொண்டு சிலர் எதிர்க்கடைக்குப் போனார்கள். நாயோ துண்டை உதறினாலும் ஏறப் பழகிக்கொண்டது.

பெஞ்சுக்கு அடியில் பிஸ்கட் வைத்துப் பார்த்தார். அதைக் கவ்விக்கொண்டு போய் நாற்காலியில் உட்கார்ந்து தின்றது.

காலையில் கடையைத் திறப்பவன் அவர் மனைவியின் தம்பி. அவனிடமும் யோசனை கேட்டார். அவன் சீப்பைக் கழுவிக்கொண்டே, அதுபாட்டுக்கு இருக்கட்டும் விடுங்கள் என்று நழுவிவிட்டான்.

கடைசியில் செய்து காட்டினால் புரியும் என்று தாமே பெஞ்சுக்கு அடியில் நுழைந்து சம்மணம் போட்டார். அந்த நேரம் பார்த்து உள்ளே வந்த ஒருவர், தரையில் இருந்தவரையும் நாற்காலியில் இருந்ததையும் மாறி மாறிப் பார்த்தார்.

"இவருக்கு முடிய நேரமாகுமா?" என்று நாற்காலியைக் காட்டிக் கேட்டார்.

கட்டடச் சொந்தக்காரர் வந்த நாளில், நாய் தானாகவே பெஞ்சுக்கு அடியில் படுத்துத் தூங்கிக்கொண்டிருந்தது. சும்மா இருந்திருந்தால் சலூன்காரர் பிழைத்திருப்பார். விதி யாரை விட்டது? வந்தவரை நாற்காலியில் அமர்த்திவிட்டு, பயிற்சியைக் காட்டும் ஆசையில் நாயைப் பார்த்து, "உட்காரு" என்றார்.

நாய் விழித்தது. தாவியது. சொந்தக்காரரின் மடியில் உட்கார்ந்து, கண்ணாடியைப் பார்த்துத் தாடையைத் தூக்கிக்கொண்டது.

"சாயங்காலத்துக்குள்ள இது இங்க இருக்கக் கூடாது" என்று சொல்லிவிட்டு, மடியெல்லாம் நாய் ரோமத்தோடு அவர் வெளியேறினார்.

சலூன்காரர் கயிற்றை எடுத்தார். கழுத்தில் கட்டும்போது கண் கலங்கிவிட்டது. "இவ்வளவு சொல்லிக்கொடுத்தும் ஒரு சொல் மண்டையில ஏறலையே உனக்கு" என்றார்.

மைத்துனன் மெல்ல வந்து கயிற்றைப் பிடித்துக்கொண்டான்.

"அதைத் திட்டாதீங்க மாமா. காலியா இருக்கிற கடைக்குள்ள எவனும் முதல் ஆளா வர மாட்டேங்கிறான்னு, தினமும் கடையைத் திறந்ததும் துணியைப் போர்த்தி அதை அந்த நாற்காலியில உட்கார வைக்கிறதே நான்தான். இது போயிட்டா நாளையிலிருந்து நீங்கதான் வந்து உட்காரணும்."